தங்கை தன் பெயரோடு பேசலாமா?

யாழ்ப்பாணத்தின் ஒரு கிராமத்திலிருந்து ஓர் அக்கா கேட்டிருக்கிறார். தங்கைக்கு இருபது வயதாக இருந்தபோது, குடும்பத்துக்குத் தெரிந்த ஒருவர் அவளைப் பாலியல் வல்லுறவுக்கு உட்படுத்தினார். மறுநாளே முறைப்பாடு செய்தார்கள். அந்த ஆள் கைதாகிப் பிணையில் வெளியே வந்துவிட்டார். நான்கு ஆண்டுகள் ஆகின்றன. “கோப்பு கொழும்பில் இருக்கிறது” என்பதற்கு மேல் யாரும் எதுவும் சொல்வதில்லை. இப்போது தங்கை தன் முகத்தையும் பெயரையும் காட்டிப் பேசப் போவதாகச் சொல்கிறாள். கணவரே மயக்க மருந்து கொடுத்துப் பல ஆண்களைக் கொண்டு வல்லுறவு செய்வித்த வழக்கில் முகம் காட்டி நின்ற பிரான்ஸின் ஜிசெல் பெலிக்கோவைப் பார்த்துத் துணிவு வந்ததாம். அம்மா சோறு தண்ணீர் இல்லாமல் அழுகிறார். பேசலாமா, பேசினால் வழக்குக்குக் கெடுதலா, சட்டம் என்ன சொல்கிறது என்பது கேள்வி.

பேசலாம். அவளைப் பேசக் கூடாது என்று தடுக்கும் சட்டம் எதுவும் இலங்கையில் இல்லை. ஆனால் எதைப் பேசுவது, எப்போது பேசுவது என்பதில் நான் கொஞ்சம் கறாராக இருப்பேன். இத்தகைய வழக்குகளில் பெண்களோடு கூடவே நீதிமன்றப் படியேறி இறங்கியவள் என்ற முறையில் என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அவள் அந்த இரவைப் பற்றிப் பேச வேண்டாம். அந்த நான்கு ஆண்டுகளைப் பற்றிப் பேசட்டும். அதற்கும் முன்னால், கோப்பு எங்கே கிடக்கிறது என்பதைத் தேடிப் பிடிக்கட்டும்.

பெயர் பற்றிய சட்டத்தை முதலில் பார்ப்போம், ஏனென்றால் அம்மாவின் பயம் அங்கேதான் இருக்கிறது. 1995ஆம் ஆண்டு தண்டனைச் சட்டக்கோவை திருத்தப்பட்டபோது 365இ பிரிவு சேர்க்கப்பட்டது. ஆங்கில வரிசையில் அது மூன்றாவது எழுத்தைத் தாங்கி நிற்பதால் தமிழில் 365சி என்றும் எழுதுவார்கள். பாலியல் குற்றத்துக்கு உள்ளானதாகச் சொல்லப்படும் ஒருவரின் பெயரையோ, அவர் யார் என்று அடையாளம் காட்டக்கூடிய எந்தத் தகவலையோ அச்சிடுவதும் வெளியிடுவதும் குற்றம். இரண்டு ஆண்டுகள் வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். பாதிக்கப்பட்டவர் தாமே எழுத்து மூலம் அனுமதித்தால் அந்தத் தடை விலகுகிறது. ஆகவே தடை இருப்பது மற்றவர்களுக்கு.

நம்மூர் இணையச் செய்தித் தளங்கள் இந்தப் பிரிவைப் படித்ததாகவே தெரியவில்லை. பெயரை மட்டும் விட்டுவிட்டு ஊர், பாடசாலை, தகப்பனின் தொழில், எந்தக் கோயிலுக்குப் பின்னால் உள்ள ஒழுங்கை என்பது வரை எழுதிவிடுகிறார்கள். வடமராட்சியிலோ தீவகத்திலோ இவ்வளவு சொன்னால் பெயர் எதற்கு? சட்டத்தின் சொற்கள் பெயரோடு நிற்பவை அல்ல. உங்கள் தங்கையைப் பற்றி அப்படி ஏதாவது ஏற்கெனவே வெளிவந்திருந்தால், அதைத் திரைப்பதிவு எடுத்து நாள், நேரத்தோடு சேமித்து வையுங்கள். அதுவும் ஒரு முறைப்பாடு.

இனி, பேசுவதால் வழக்குக்குக் கெடுதலா என்ற கேள்வி. இதைத்தான் பலரும் விளங்கிக்கொள்வதில்லை. “எங்கள் வழக்கு” என்று நாம் சொல்கிறோம். சட்டத்தின் பார்வையில் அது அரசின் வழக்கு. எதிரிக்கு, அதாவது குற்றஞ்சாட்டப்பட்டவருக்கு, எதிராக நிற்பது அரசின் தலைமைச் சட்ட அதிகாரியான சட்டமா அதிபர். உங்கள் தங்கை அதில் முதலாம் சாட்சி. அவளால் வழக்கை நடத்தவும் முடியாது, நிறுத்தவும் முடியாது. சாட்சி என்பதால், அவள் இதுவரை சொன்னவை எல்லாம் ஒன்றோடொன்று ஒப்பிடப்படும். பொலிஸில் கொடுத்த வாக்குமூலம், சட்ட வைத்திய அதிகாரியிடம் சொன்ன சுருக்கமான வரலாறு, நீதவானின் முன் சொல்லியிருந்தால் அது, பின்பு மேல் நீதிமன்றத்தில் சாட்சிக் கூட்டில் சொல்வது. இவற்றுக்கிடையே எதிரியின் சட்டத்தரணி தேடுவது முரண்பாட்டை. வாக்குமூலத்தில் “ஆறரை மணி” என்றும் கூட்டில் “இருட்டிய பிறகு” என்றும் சொன்னால், அதை அடையாளமிட்டுப் பதிவு செய்யச் சொல்வார். உண்மையைச் சொல்பவர்களின் நினைவும் இப்படித்தான் அங்குமிங்கும் அசையும் என்பது நீதிபதிகளுக்குத் தெரியாததல்ல. அற்ப முரண்பாடுகளை வைத்துச் சாட்சியத்தை ஒதுக்கக் கூடாது என்று நம் மேல்நிலை நீதிமன்றங்களே சொல்லியிருக்கின்றன. ஆனாலும் அடையாளமிட்ட முரண்பாடுகள் அதிகமாக அதிகமாக, மேன்முறையீட்டில் அது எப்படி வாசிக்கப்படும் என்பதை யாராலும் உறுதி சொல்ல முடியாது.

இந்த நிலையில் அவள் ஒரு நேர்காணலில் அந்த இரவை முழுவதும் சொல்கிறாள் என்று வைத்துக்கொள்ளுங்கள். நேர்காணல் எடுத்தவர் நாற்பது நிமிடப் பேச்சை எட்டு நிமிடமாக வெட்டுகிறார். பின்னணியில் வயலின் இசை. சொன்ன ஒழுங்கு மாறிவிடுகிறது, ஒரு வசனம் விழுந்துவிடுகிறது. அந்த எட்டு நிமிடம் எதிரித் தரப்பின் கையில் இன்னொரு வாக்குமூலம். அதுவும் அவள் வாசித்துக் கையெழுத்திடாத, வேறொருவர் தொகுத்த வாக்குமூலம். வழக்கு நிலுவையில் இருக்கும்போது எதிரியின் பெயரைச் சொல்லி “இவன்தான் குற்றவாளி” என்று அறிவித்தால் வேறு தலையிடிகளும் வரும். குற்றவியல் அவதூறு 2002இல் நீக்கப்பட்டுவிட்டாலும் சிவில் வழக்குப் போடலாம். நீதிமன்ற அவமதிப்புக்கு 2024இல் தனிச் சட்டமே வந்துவிட்டது. இணையத்தில் எழுதுவதைக் கட்டுப்படுத்த அதே ஆண்டில் வந்த நிகழ்நிலைக் காப்புச் சட்டத்தை யார் யாருக்கு எதிராகத் தூக்கிக்கொண்டு வருவார்கள் என்பதும் சொல்ல முடியாது.

அக்காவாகிய உங்களுக்கும் ஒன்று. அன்றிரவு அவள் முதலில் யாரிடம் சொன்னாள்? உங்களிடம் என்றால், நீங்களும் சாட்சி. சம்பவம் நடந்த உடனே அவள் வாய்விட்டுச் சொன்னதைக் கேட்டவர் என்ற முறையில் சாட்சியக் கட்டளைச் சட்டத்தின் 157ஆம் பிரிவின்படி உங்கள் வாக்கு அவளுடைய வாக்குக்குத் துணை நிற்கும். வழக்குத்தொடுநருக்கு அது பெரிய பலம். ஆகவே நீங்களும் உங்கள் சமூக ஊடகப் பக்கத்தில் கதையை எழுதிப் போடாதீர்கள். கோபத்தில் ஏற்கெனவே எழுதியிருந்தால் அதை அழிப்பதற்கு முன் ஒரு சட்டத்தரணியிடம் காட்டுங்கள்.

ஜிசெல் பெலிக்கோவை எனக்கும் பிடிக்கும். மூடிய கதவுக்குள் விசாரணை கேட்கும் உரிமை இருந்தும் அதை வேண்டாம் என்று தள்ளியவர். 2024 செப்டெம்பரில் அவினோன் நகரில் தொடங்கிய வழக்கில், கணவர் உட்பட எதிரிகளான 51 பேரும் டிசெம்பர் 19ஆம் திகதி குற்றவாளிகளாகக் காணப்பட்டார்கள். கணவருக்கு 20 ஆண்டுகள். வெட்கப்பட வேண்டியது நாங்கள் அல்ல என்று அவர் சொன்னது உலகம் முழுவதும் போய்ச் சேர்ந்தது. ஆனால் அவருடைய வழக்கில் குற்றத்தைக் கணவரே படம் பிடித்து வைத்திருந்தார். பொலிஸார் கணினியிலிருந்து எடுத்த காணொளிகளே முதன்மைச் சாட்சி. பெலிக்கோ மயக்க மருந்தில் இருந்தவர். நடந்ததைத் தன் நினைவிலிருந்து சொல்ல வேண்டிய தேவையே அவருக்கு இருக்கவில்லை. உங்கள் தங்கையின் வழக்கு பெரும்பாலும் அவளுடைய சொல்லில் நிற்கிறது. அவரும் முகம் காட்டியது விசாரணை தொடங்கிய நாளில், நீதிமன்ற வாசலில். கோப்பு எங்கோ தூங்கிக்கொண்டிருந்த காலத்தில் அல்ல. துணிவை அவரிடமிருந்து எடுத்துக்கொள்ளலாம். வேளையையும் அவரிடமிருந்தே எடுத்துக்கொள்ளட்டும்.

சரி, கோப்பு. “கொழும்பில் இருக்கிறது” என்பது ஒரு பதிலே அல்ல. பாலியல் வல்லுறவு வழக்கு நடக்கும் வழி இதுதான்: முறைப்பாட்டை எடுத்த பொலிஸ் நிலையம் நீதவான் நீதிமன்றத்துக்கு அறிக்கை போடுகிறது, அதைப் பி அறிக்கை என்பார்கள், அதற்கு ஓர் இலக்கம் உண்டு. பொலிஸ் கொடுத்த மருத்துவ சட்டப் பரிசோதனைப் படிவத்துடன் வைத்தியசாலையில் அவளைப் பரிசோதித்த சட்ட வைத்திய அதிகாரி தன் அறிக்கையை அனுப்புகிறார். உடை, மாதிரிகள் ஏதாவது எடுத்திருந்தால் அவை கொழும்பில் உள்ள அரச இரசாயனப் பகுப்பாய்வாளருக்குப் போகின்றன. பிறகு வாக்குமூலங்கள், அறிக்கைகள் எல்லாம் கட்டாகச் சட்டமா அதிபர் திணைக்களத்துக்குப் போகும். அங்கே ஓர் அரச சட்டத்தரணி அதை வாசித்து, போதுமென்றால் எதிரி மீதான குற்றச்சாட்டுகளை எழுதிய குற்றப்பகர்வுப் பத்திரம் தயாரித்து யாழ்ப்பாணம் மேல் நீதிமன்றத்துக்கு அனுப்புவார். போதாதென்றால் இன்னின்ன வாக்குமூலம் வேண்டும் என்று பொலிஸுக்குத் திருப்பி எழுதுவார். நான் பார்த்தவரையில் ஆண்டுகள் தொலைவது இந்தக் கடைசி இரண்டு இடங்களில். பகுப்பாய்வு அறிக்கை வராமல் கட்டுப் போயிருக்காது. அல்லது கொழும்பு கேட்ட ஒரு சிறு வாக்குமூலத்தை எடுக்க வேண்டிய பொறுப்பதிகாரி இடமாற்றமாகிப் போயிருப்பார். புதியவருக்கு அப்படி ஒரு கடிதம் வந்ததே தெரியாது. கொழும்பும் காத்திருக்கும், பொலிஸும் காத்திருக்கும். கோப்பு கொழும்பில் இருப்பதாகச் சொல்லப்பட்ட ஒரு வழக்கின் கட்டு, பொலிஸ் நிலையத்தின் அலுமாரியை விட்டு நகரவே இல்லை என்பதைக் கண்டுபிடித்தது ஒரு தாய். அவருக்கு எழுதப் படிக்கத் தடுமாற்றம். ஒவ்வொரு தவணைக்கும் போய் ஒரே கேள்வியைக் கேட்டார், அவ்வளவுதான்.

ஆகவே நீங்கள் கேட்க வேண்டிய கேள்வி “என்ன நடக்கிறது” என்பது அல்ல. அப்படிக் கேட்டால் “நடக்கிறது” என்றுதான் பதில் வரும். கட்டு எந்தத் திகதியில், எந்தக் கடித இலக்கத்தில் சட்டமா அதிபருக்கு அனுப்பப்பட்டது, பகுப்பாய்வு அறிக்கை கிடைத்துவிட்டதா, மேலதிக விசாரணை கேட்டுக் கடிதம் வந்ததா என்று கேளுங்கள். வாயால் கேட்டதை எழுத்திலும் கேளுங்கள். பதிவுத் தபாலில் அனுப்பி, துண்டைப் பத்திரப்படுத்துங்கள். இதைக் கேட்பது அதிகாரியிடம் தயவு கேட்பது அல்ல. குற்றத்தால் பாதிக்கப்பட்டவர்களுக்கும் சாட்சிகளுக்கும் உதவியும் பாதுகாப்பும் அளிக்க 2015இல் ஒரு சட்டம் வந்தது. அதற்குப் பதிலாக 2023இல் 10ஆம் இலக்கச் சட்டம் வந்திருக்கிறது. விசாரணை எந்த நிலையில் இருக்கிறது, வழக்குத் தவணைகள் எப்போது, சந்தேகநபர் பிணையில் விடப்படுகிறாரா என்பவற்றை அறியும் உரிமை அதில் அவளுக்கு உண்டு. பொலிஸ் நிலையத்துக்கு எழுதும் கடிதத்தில் அந்தச் சட்டத்தின் பெயரைக் குறிப்பிட்டால் பதிலின் தொனியே மாறுவதைப் பார்ப்பீர்கள். அதே சட்டத்தின் கீழ் தேசிய அதிகாரசபை ஒன்று இருக்கிறது. அங்கும் ஒரு பிரதி போகட்டும்.

வழக்கு அரசினுடையது என்பதால் நமக்குச் சட்டத்தரணி தேவையில்லை என்று நினைத்துவிடுவார்கள். குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 260ஆம் பிரிவு, பாதிக்கப்பட்ட தரப்பும் நீதிமன்றத்தில் ஒரு சட்டத்தரணியால் பிரதிநிதித்துவம் பெறலாம் என்கிறது. அவர் வழக்கை நடத்த மாட்டார். ஆனால் தவணை நாளில் எழுந்து “பாதிக்கப்பட்டவரின் நலன் கருதித் தோன்றுகிறேன், இந்த அறிக்கை ஏன் இன்னும் வரவில்லை” என்று கேட்பார். நீதவான் அதற்குப் பொலிஸிடம் விளக்கம் கேட்பார். நான்கு ஆண்டுத் தூக்கம் சில சமயம் அந்த ஒரு கேள்வியில் கலைந்திருக்கிறது. பணம் இல்லையென்றால் சட்ட உதவி ஆணைக்குழுவின் யாழ்ப்பாண அலுவலகத்துக்குப் போங்கள். பெண்களுக்கான வழக்குகளை எடுக்கும் அமைப்புகளும் யாழ்ப்பாணத்தில் உள்ளன; பிரதேச செயலகத்தில் உள்ள பெண்கள் அபிவிருத்தி உத்தியோகத்தரிடம் கேட்டால் வழி காட்டுவார். 1938 என்ற பெண்கள் உதவி இலக்கமும் இருக்கிறது. நான்கு ஆண்டு கடந்துவிட்டதே, இனி எடுபடுமா என்ற கவலை வேண்டாம். பாரிய குற்றங்களுக்கு வழக்குத் தொடரும் காலவரம்பு 20 ஆண்டுகள்.

இவ்வளவும் செய்துகொண்டு போகும்போது அவளுக்குப் பேசுவதற்கு நிறையவே கிடைக்கும். எத்தனை தவணை, எத்தனை அலுவலகம், யார் என்ன பதில் சொன்னார்கள், பரிசோதனை அறிக்கைக்கு எவ்வளவு காலம் எடுத்தது. இதில் எதிரித் தரப்பு முரண்பாடு தேட ஒன்றும் இல்லை, ஏனென்றால் இதெல்லாம் தபால் துண்டுகளிலும் வழக்கேட்டிலும் இருக்கிறது. அதிகாரிகளுக்குக் கூச்சம் தருவதும் இதுதான். அழுகைக்கு அனுதாபம் கிடைக்கும். திகதிகளுக்குப் பதில் சொல்லியாக வேண்டும்.

யாழ்ப்பாணத்துக்கு இந்த விடயத்தில் நீண்ட நினைவு இருக்கிறது, ஆனால் ஒருபக்கமாக. 1996 செப்டெம்பர் 7ஆம் திகதி, உயர்தர இரசாயனவியல் பரீட்சை எழுதிவிட்டு வீடு திரும்பிய சுண்டிக்குளி மாணவி கிருஷாந்தியைச் செம்மணிச் சோதனைச் சாவடியில் படையினர் மறித்து, வல்லுறவு செய்து கொன்றார்கள். அவளைத் தேடிப்போன தாயும் தம்பியும் அயலவரும்கூடத் திரும்பவில்லை. உறவினர்களும் சட்டத்தரணிகளும் விடாமல் கேட்டதால் அந்த வழக்கு கொழும்பில் மூன்று நீதிபதிகள் முன் நடந்து, 1998 ஜூலையில் படையினருக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டது. செம்மணிப் புதைகுழிகளைப் பற்றி முதன்முதலில் வெளியே சொன்னவரும் அந்த வழக்கின் எதிரிகளில் ஒருவர்தான். 2015 மே மாதத்தில், வல்லுறவுக்கு உள்ளாகிக் கொல்லப்பட்ட புங்குடுதீவு மாணவிக்காக யாழ்ப்பாணம் முழுவதும் கடையடைத்தோம், வீதிக்கு வந்தோம், நீதிமன்ற வளாகத்தின் மீது கல்லெறிந்து நூற்றுக்கு மேற்பட்டவர்கள் கைதானதும் நடந்தது. 2017 செப்டெம்பர் 27ஆம் திகதி யாழ்ப்பாணத்திலேயே மூன்று மேல் நீதிமன்ற நீதிபதிகள் கொண்ட தீர்ப்பாயம் ஏழு பேருக்கு மரண தண்டனை விதித்தது.

இந்த இரண்டு பிள்ளைகளும் உயிரோடு இல்லை. உயிரோடு இருந்து கூட்டில் ஏறியவர்களுக்காக யார் கடையடைத்தார்கள்? 2010 ஜூன் மாதத்தில், மீள்குடியேறி ஓராண்டும் ஆகாத விசுவமடுவில், இரண்டு பெண்கள் இராணுவத்தினருக்கு எதிராக முறைப்பாடு செய்தார்கள். சுற்றிலும் முகாம்கள் இருந்த காலம் அது. எதிரிகளை அடையாளம் காட்டி, ஐந்து ஆண்டுகள் காத்திருந்து, யாழ்ப்பாணம் மேல் நீதிமன்றத்தில் சாட்சி சொன்னார்கள். 2015 ஒக்டோபரில் நான்கு இராணுவத்தினர் குற்றவாளிகளாகக் காணப்பட்டார்கள். 2019 ஒக்டோபரில் மேன்முறையீட்டு நீதிமன்றம் அந்தத் தீர்ப்பைத் தள்ளி அவர்களை விடுவித்தது. தீர்ப்பு வந்த அன்று கொண்டாடியவர்களில் எத்தனை பேருக்கு விடுதலையான செய்தி தெரியும் என்று கேட்டுப் பாருங்கள். இறந்துபோனவள் நமக்குப் பிள்ளையாகிவிடுகிறாள். தப்பிப் பிழைத்தவளிடம் மட்டும் ஏன் அந்த நேரத்தில் அங்கே போனாய் என்று கேட்கிறோம். உங்கள் தங்கைக்கு இது தெரிந்திருக்க வேண்டும். அவளைப் பயமுறுத்துவதற்காகச் சொல்லவில்லை. ஊர் திரண்டு வரும் என்ற கணக்கில் அவள் இறங்கக் கூடாது. வராவிட்டாலும் நடத்தக்கூடிய முறையில் திட்டம் இருக்க வேண்டும்.

இந்த மண்ணில் பெண்களின் வாக்கைக் கேட்டுப் பதிந்தவர்கள் இல்லாமலும் இல்லை. இந்திய அமைதிப்படைக் காலத்தில் வல்லுறவுக்கு உள்ளான பெண்களின் அனுபவங்களைத் தேடிப்போய் எழுதியவர், யாழ்ப்பாணப் பல்கலைக்கழக உடற்கூற்றியல் துறையின் ராஜினி திராணகம. 1989 செப்டெம்பர் 21ஆம் திகதி அவர் சுட்டுக் கொல்லப்பட்டார். அவர் எழுதியவற்றில் அந்தப் பெண்களின் பெயர்கள் இல்லை. பெயர் இல்லாமலே அவை இன்றும் வாசிக்கப்படுகின்றன. பெயரைச் சொன்னால்தான் வாக்குக்குக் கனம் என்று தங்கை நினைத்தால், இதை அவளிடம் சொல்லுங்கள்.

ஒரு நாள் குற்றப்பகர்வுப் பத்திரம் வரும். மேல் நீதிமன்றக் கூட்டில் அவள் நிற்க வேண்டியிருக்கும். அந்த நாளுக்கான சட்டம் அவள் நினைப்பதைவிட அவள் பக்கம் இருக்கிறது. உடலில் காயம் இருக்க வேண்டும், எதிர்த்துப் போராடிய அடையாளம் இருக்க வேண்டும் என்ற நிபந்தனை 1995ஆம் ஆண்டுத் திருத்தத்தோடு போய்விட்டது. 363ஆம் பிரிவின் விளக்கத்திலேயே அது எழுதப்பட்டிருக்கிறது. ஒரு விடயத்தை நிரூபிக்க இத்தனை சாட்சி வேண்டும் என்று கணக்கில்லை என்று சாட்சியக் கட்டளைச் சட்டத்தின் 134ஆம் பிரிவு சொல்வதால், நம்பத்தக்கதாக இருந்தால் அவள் ஒருத்தியின் சாட்சியத்திலேயே தண்டிக்கலாம். குற்றம் நிரூபணமானால் 364ஆம் பிரிவின்படி ஏழு முதல் இருபது ஆண்டுகள் வரை சிறை. பாலியல் விடயங்கள் பற்றிய விசாரணையில் வெளியாரை அகற்றும் அதிகாரம் அரசியலமைப்பின் 106ஆம் உறுப்புரையிலேயே நீதிமன்றத்துக்கு இருக்கிறது. கேட்டால்தான் செய்வார்கள், ஆகவே கேட்க வேண்டும். எதிரியை நேரில் பார்க்க முடியாது என்றால் வேறிடத்திலிருந்து காணொளித் தொடர்பு மூலம் சாட்சி சொல்ல விண்ணப்பிக்கவும் 2023ஆம் ஆண்டுச் சட்டம் வழிவிடுகிறது.

குறுக்கு விசாரணைதான் கசப்பான பகுதி. 1895ஆம் ஆண்டின் சாட்சியக் கட்டளைச் சட்டம் நம்முடையது. அந்தக் காலத்து ஆண்களின் பார்வை அதில் இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. பெண்ணின் நடத்தையைக் கிளறும் கேள்விகள் அந்த வாசலால்தான் உள்ளே வருகின்றன. ஆனால் அதே சட்டத்தின் 151, 152ஆம் பிரிவுகள், ஆபாசமான கேள்விகளையும், அவமதிக்கும் நோக்கில் கேட்கப்படும் கேள்விகளையும் நீதிபதி தடுக்கலாம் என்கின்றன. அரச சட்டத்தரணி எழுந்து ஆட்சேபித்தால் பெரும்பாலான நீதிபதிகள் தடுப்பார்கள். அரச சட்டத்தரணிகள் மாறிக்கொண்டே இருப்பவர்கள். சாட்சி சொல்லும் நாளில்தான் கோப்பைப் புரட்டுபவர்களும் உண்டு. முதல் நாளே அவரைச் சந்திக்க நேரம் கேளுங்கள். அவளுடைய பழைய வாக்குமூலத்தை அங்கே வாசித்து நினைவுபடுத்திக்கொள்ளட்டும். அதில் தவறு ஒன்றுமில்லை. தெரியாததற்குத் “தெரியாது” என்றும் நினைவில்லாததற்கு “நினைவில்லை” என்றும் சொல்லப் பழகட்டும். நான் பார்த்த நல்ல சாட்சிகள் எல்லாரும் குறைவாகப் பேசியவர்கள்.

குற்றவாளி எனக் கண்ட பிறகு, தண்டனை விதிக்கும் முன், இந்தக் குற்றம் தன் வாழ்க்கையை என்ன செய்தது என்று நீதிமன்றத்துக்குச் சொல்லும் உரிமையும் அவளுக்கு உண்டு. பலர் இதைப் பயன்படுத்துவதே இல்லை. படிப்பு நின்றது, தையல் வகுப்பை விட்டது, பஸ்ஸில் தனியே போக முடியாதது, அம்மாவின் நோய் எல்லாவற்றையும் இப்போதிருந்தே ஒரு கொப்பியில் திகதியோடு எழுதி வைக்கட்டும். சம்பவத்தை அதில் எழுத வேண்டாம். அதன் பின்விளைவை மட்டும்.

இடையில் “பேசித் தீர்க்க” ஆட்கள் வருவார்கள், ஏற்கெனவே வந்திருப்பார்கள் என்றே நினைக்கிறேன். கனடாவில் இருக்கும் சித்தப்பா தொலைபேசியில் வருவார். ஊர்ப் பெரியவர் ஒருவர் வருவார். சந்தேகநபரின் தாய் வந்து அழுவார். காசு, காணி, சில வேளை கல்யாணம் என்றுகூடப் பேச்சு வரும். இலங்கைச் சட்டத்தில் பாலியல் வல்லுறவு இணங்கித் தீர்க்கக்கூடிய குற்றம் அல்ல; மத்தியஸ்த சபைக்கும் அதில் அதிகாரம் கிடையாது. அந்த ஆளை அவளுக்கே கட்டி வைத்தால் வழக்கு முடிந்துவிடும் என்று யாராவது சொன்னால் அது பொய். சாட்சியை மிரட்டுவதும் ஆசை காட்டி மாற்றுவதும் 2023ஆம் ஆண்டுச் சட்டத்தில் தனிக் குற்றங்கள். யார் வந்தார்கள், என்ன சொன்னார்கள் என்பதையும் அந்தக் கொப்பியின் வேறொரு பக்கத்தில் குறித்துக்கொள்ளுங்கள். சித்தப்பாவிடம் நான் என்றால் இதை நேராகவே சொல்லிவிடுவேன். நீங்கள் உங்கள் வீட்டு முறைப்படி பார்த்துக்கொள்ளுங்கள்.

அம்மாவைப் பற்றி. அவர் பயப்படுவது ஊர்வாய்க்கு மட்டும் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். பிணையில் இருக்கும் அந்த ஆள் எவ்வளவு தூரத்தில் குடியிருக்கிறார் என்பது அம்மாவுக்குத் தெரியும். தங்கை பேசினால் அடுத்த நாள் கடைக்குப் போகப் போவது அம்மாதான். ஆகவே பிணை நிபந்தனைகள் என்ன, சாட்சிகளை அணுகக் கூடாது என்று அதில் இருக்கிறதா என்பதை வழக்கேட்டில் பார்த்து அம்மாவிடம் சொல்லுங்கள். மீறினால் பிணையை இரத்துச் செய்யக் கேட்கலாம் என்பதையும் சொல்லுங்கள். பயத்துக்கு ஆறுதலைவிட விவரம் நல்ல மருந்து. தங்கைக்கும் ஓர் உளவள ஆலோசகர் தேவை. வைத்தியசாலைகளில் வன்முறைக்கு உள்ளான பெண்களுக்கென நட்பு நிலையம் என்ற பிரிவு இருக்கிறது, பொலிஸ் துண்டு இல்லாமலே போகலாம். வெளியே பேசத் தொடங்கியவர்களுக்கு முதல் வாரம் பாராட்டு வரும், இரண்டாம் வாரம் வசை வரும், மூன்றாம் வாரம் ஒன்றும் வராது. தாங்க முடியாமல் போவது அந்த மூன்றாம் வாரத்தைத்தான். அப்போது அருகில் ஓர் ஆள் வேண்டும்.

அவள் இடையில் களைத்துப்போய், இனி எதுவும் பேச மாட்டேன் என்று சொன்னாலும் அதற்கும் இடம் கொடுங்கள். வழக்கு அதனால் நின்றுவிடாது.

இப்போதைக்குச் செய்ய வேண்டியது: பி அறிக்கையின் இலக்கத்தையும் கடைசித் தவணைத் திகதியையும் எடுத்துக்கொண்டு சட்ட உதவி ஆணைக்குழுவுக்குப் போங்கள். பிறகு சட்டமா அதிபர் திணைக்களம், புதுக்கடை, கொழும்பு 12 என்ற முகவரிக்குத் தங்கையின் கையெழுத்தில் ஒரு கடிதம். வழக்கிலக்கம், பொலிஸ் நிலையம், முறைப்பாட்டுத் திகதி, கேள்விகள். ஒரு பக்கத்துக்கு மேல் வேண்டாம், சம்பவ விவரம் ஒரு வரிகூட வேண்டாம். தமிழில் எழுதலாம், பதிலையும் தமிழில் கேட்கலாம். ஒரு மாதத்தில் பதில் வராவிட்டால் இரண்டாவது கடிதம், முதலாவதின் பிரதியோடு. அதன் பிரதி மனித உரிமைகள் ஆணைக்குழுவின் யாழ்ப்பாணப் பிராந்திய அலுவலகத்துக்கு. அதற்கும் பதில் இல்லையென்றால் அந்தக் கடிதங்களைக் கையில் வைத்துக்கொண்டு பத்திரிகையாளரிடம் பேசட்டும், சட்டத்தரணி முதலில் பார்த்த பிறகு. பெயரைப் போடுவதா, முதலெழுத்து மட்டுமா, எதுவுமே வேண்டாமா என்பதை அன்றைக்கு அவளே தீர்மானிக்கட்டும்; எதைத் தீர்மானித்தாலும் அந்தப் பத்திரிகையாளரிடம் எழுத்தில் கொடுத்து, ஒரு பிரதியை உங்களிடம் வைத்துக்கொள்ளுங்கள்.